களரியாவிரை

களரியாவிரை என்று ஒரு புத்தகம். அதைப் பார்த்தவர் யாருமில்லை. கடல் கொண்ட மதுரையில் முதற்சங்கத்தார் பாடியவை என்று இறையனார் அகப்பொருள் உரை தரும் பட்டியலில் முதுநாரை, முதுகுருகு ஆகியவற்றோடு இந்தப் பெயரும் வருகிறது. அவ்வளவுதான்.

எனக்கு இந்தப் பெயர்மேல் ஒரு தனிப் பிரியம். ஆவிரை என்றால் ஆவாரை. மற்ற ஊர்க்காரர்களுக்கு அது மஞ்சள் பூ, பொங்கலுக்கு வாசலில் செருகுவது. ஆம்பூர்க்காரனுக்கு அது பட்டை. டேனரிகளுக்குள் குரோமியம் வருவதற்கு முன்னால், பாலாற்றங்கரையில் தோல் ஊறியதெல்லாம் ஆவாரம்பட்டைத் தண்ணீரில்தான். களரியாவிரையை ‘களர் நிலத்து ஆவாரை’ என்று நானாகப் பிரித்து வைத்திருக்கிறேன். இலக்கணம் படித்தவர்கள் சண்டைக்கு வரலாம், வரட்டும்.

அந்த உரை சொல்லும் கதை எந்த ஃபேன்டஸி நாவலுக்கும் இளைத்ததில்லை. பாண்டிய நாட்டில் 12 வருடப் பஞ்சம். புலவர்களைப் பிழைக்க வெளியே அனுப்பிவிட்டு, மழை வந்ததும் பாண்டியன் திரும்பக் கூப்பிடுகிறான். எழுத்து தெரிந்தவர் வருகிறார், சொல் தெரிந்தவர் வருகிறார், பொருளதிகாரம் தெரிந்தவர் மட்டும் கிடைக்கவில்லை. ராஜா கவலையில் இருக்க, ஆலவாய்ச் சிவனே 60 சூத்திரம் எழுதி, மூன்று செப்பேடுகளில், தன் பீடத்துக்கு அடியில் போட்டுவிடுகிறார். சரி, அர்த்தம் யார் சொல்வது? ஆளாளுக்கு ஓர் உரை. தீர்ப்புச் சொல்ல ஒரு ஊமைப் பையனை உட்கார வைக்கிறார்கள். நக்கீரர் உரையைக் கேட்கும்போது அவன் கண்ணில் நீர் வழிகிறது, மயிர் சிலிர்க்கிறது. அதுதான் மெய்யுரை. மொழி பேசாதவன் கையில் மொழியின் தீர்ப்பு! இதைக் கற்பனை செய்தவர் சாதாரண ஆள் இல்லை.

அதே ஆள்தான் கணக்கும் சொல்கிறார். முதற்சங்கம் 4440 வருடம், இடைச்சங்கம் 3700, கடைச்சங்கம் 1850. மொத்தம் 9990. டேட்டாபேஸோடு குடித்தனம் நடத்துகிறவன் இதைப் பார்த்த உடனே வகுத்துப் பார்ப்பான். மூன்றுமே 37-ஆல் வகுபடும்: 120, 100, 50. எனக்கு முன்பே பலர் கண்டுபிடித்த விஷயம்தான். சங்கம் வைத்து நடத்திய அரசர்கள் 89, 59, 49 பேர். சங்கத்தில் இருந்த புலவர்கள் 549, 59, 49 பேர். எல்லாம் ஒன்பதில் முடிகிறது. டெஸ்டிங்குக்காக நாங்கள் உட்கார்ந்து தட்டும் போலித் தரவு இப்படித்தான் இருக்கும்.

இதை எங்கள் மாமாவிடம் சொன்னேன். தோல் கம்பெனியில் முப்பது வருடம் வேலை பார்த்தவர். குமரிக்கண்ட வீடியோ எது வந்தாலும் எனக்கு அனுப்பிவிடுவார். கொஞ்ச நேரம் பேசவில்லை. அப்புறம், “இன்னாடா, அப்ப எல்லாம் பொய்யின்ற. நம்பள்து எதுவுமே இல்லின்ற” என்றார். குரலில் கோபம் இல்லை, அதுதான் கஷ்டமாக இருந்தது.

மாமாவை ஏமாளி என்று சிரிக்கிறவர்கள் எனக்குப் பிடிக்காதவர்கள். எட்டாம் நூற்றாண்டு வாக்கில் எழுந்த ஓர் உரையில் தொடங்கிய உலகம் இது. பிறகு அடியார்க்கு நல்லார் வருகிறார். சிலப்பதிகாரத்துக்கு உரை எழுதும்போது பஃறுளிக்கும் குமரிக்கும் நடுவே 700 காவதம் என்று அளவு போட்டு, ஏழ்தெங்க நாடு, ஏழ்மதுரை நாடு, ஏழ்குறும்பனை நாடு என ஏழேழாக 49 நாடுகளை நிரப்புகிறார். 1864-இல் ஸ்கிளேட்டர் என்கிற ஆங்கிலேய விலங்கியலாளர், லெமூர் குரங்கினம் மடகாஸ்கருக்கும் இந்தியாவுக்கும் எப்படிப் பொதுவானது என்று விளக்க லெமூரியா என்ற நிலத்தைக் கடலில் வைக்கிறார். கண்டங்களே நகர்கின்றன என்று தெரிந்தபின் அறிவியலுக்கு அது தேவைப்படவில்லை. நமக்குத் தேவைப்பட்டது. இரண்டையும் ஒட்டிவைத்துக்கொண்டோம்.

டோல்கீன் தன் கதை முழுக்க ஒரு பழைய சிவப்புப் புத்தகத்திலிருந்து மொழிபெயர்த்தது என்றார். அந்தப் புத்தகத்தைத் தேடி யாரும் கடலுக்குள் இறங்குவதில்லை. படித்து ரசிக்கிறோம். நம் உரைகாரருக்கு அந்த மரியாதை கிடைக்கவில்லை. ஒரு கூட்டம் அவரைச் சரித்திர ஆசிரியராக்குகிறது, இன்னொரு கூட்டம் பொய்யராக்குகிறது.

மாமாவிடம் அன்றைக்குச் சொல்ல வராத பதில் அதே பட்டியலின் கீழ்ப்பாதியில் இருக்கிறது. கடைச்சங்க நூல்களுக்கு வரும்போது உரைகாரரின் எண்கள் குணம் மாறிவிடுகின்றன. குறுந்தொகை நானூறு, நற்றிணை நானூறு, ஐங்குறுநூறு, 150 கலி. கலித்தொகையை எடுத்து எண்ணினால் 150 இருக்கிறது. கடவுள் வாழ்த்தும் சேர்த்து. இங்கே அவர் கற்பனை செய்யவில்லை, ஏடுகளைப் பார்த்துக் குறித்திருக்கிறார் என்று நினைக்கிறேன். அந்த வரிசையில்தான் வருகிறது: 70 பரிபாடல்.

நம் கையில் முழுசாக இருப்பது 22. உ.வே.சா. 1918-இல் பதிப்பித்தவை. எழுபதின் கணக்கைச் சொல்லும் ஒரு பழைய வெண்பாவும் தப்பித்திருக்கிறது. செவ்வேளுக்கு 31, வையைக்கு 26, திருமாலுக்கு 8, மதுரைக்கு 4, காடுகாளுக்கு 1. இருப்பவை செவ்வேள் 8, வையை 8, திருமால் 6. பெரும்பாலான பாடல்களுக்குக் கீழே எழுதியவர் பெயர், இசை அமைத்தவர் பெயர், பண் எல்லாம் குறித்திருக்கிறது. இசையமைப்பாளருக்கு கிரெடிட் கொடுத்த நூல் நமக்கு அப்போதே இருந்தது. பட்டியலில் அடுத்தடுத்து வரும் கூத்து, வரி, சிற்றிசை, பேரிசை நான்கும் முழுசாகவே போய்விட்டன.

இவற்றைக் கொண்டுபோனது எந்தக் கடலும் இல்லை. பனையோலையை இருநூறு, முந்நூறு வருடத்துக்குள் இன்னொருவர் உட்கார்ந்து பார்த்து எழுதாவிட்டால் செல்லரித்து உதிர்ந்துவிடும். வையையில் புதுவெள்ளம் வருவதைப் பாடிய 18 பாட்டு அப்படிப் போயிருக்கிறது.

போன வாரம் மாமாவுக்குப் பரிபாடல் உரையோடு ஒன்று வாங்கிக் கொடுத்தேன். வையை வெள்ளத்தில் ஊரே குளிக்கக் கிளம்பும் பாட்டைப் படித்துவிட்டு போன் பண்ணினார். 2021 நவம்பரில் பாலாறு இரண்டு கரையும் தொட்டு ஓடியபோது ஊர் மொத்தமும் பாலத்தின்மேல் நின்றதை அரை மணி நேரம் பேசினார். கடைசியில், “மீதி எங்கடா?” என்று கேட்டார்.