தகவல் என்றொரு வறண்ட சொல்

முப்பது வருஷத்துக்கு மேல் அரசாங்க அலுவலகத்தில் குமாஸ்தாவாக இருந்தவன் நான். "தகவல்" என்ற சொல்லை எத்தனை ஆயிரம் தடவை எழுதியிருப்பேனோ! "தகவலுக்காக அனுப்பப்படுகிறது", "தகவல் இதுவரை கிடைக்கப்பெறவில்லை", "உரிய தகவலை உடன் அனுப்பவும்". கோடையில் வெடித்துக் கிடக்கும் கரிசல் மண் மாதிரி வறண்ட சொல் அது. அந்தச் சொல்லைக் கேட்டதுமே ஜனங்கள் சிரிக்கத் தயாராகும்படி செய்துவிட்டார் ஒருவர். அவரும் ஓர் அரசாங்க ஊழியர்தான். தென்கச்சி கோ. சுவாமிநாதன்.

அவருடைய "இன்று ஒரு தகவல்" உங்களில் பலருக்கு நினைவிருக்கும். சென்னை வானொலியில் 1988இல் தொடங்கியது. 2002இல் அவர் ஓய்வு பெறும் வரை காலைவேளையில் தமிழ்நாட்டின் டீக்கடை, சலூன், அடுப்படி எல்லாவற்றிலும் அந்தக் குரல் கேட்டது. நாடகக்காரர் குரலோ மேடைப் பேச்சாளர் குரலோ அல்ல. ஏற்ற இறக்கம் அதிகமில்லாமல், திண்ணையில் பக்கத்தில் உட்கார்ந்து பேசுகிற மாதிரி இருக்கும். நாம் விழுந்து விழுந்து சிரிப்போம். அவர் குரலில் சிரிப்பின் சாயலே இருக்காது.

சென்னைக்குப் போவதற்கு முன்னால் அவர் நம் திருநெல்வேலி நிலையத்தில் இருந்தவர் என்பது இளவயதுக்காரர்களுக்குத் தெரியாது. ஜெயங்கொண்டம் பக்கத்தில் தென்கச்சிப் பெருமாள்நத்தம் அவர் ஊர். அந்த ஊர்ப் பெயரையே தன் பெயருக்கு முன்னால் சேர்த்துக்கொண்டார். விவசாயம் படித்தவர். எழுபதுகளின் பிற்பகுதியில் நெல்லை வானொலியின் விவசாய ஒலிபரப்புக்கு வந்து சேர்ந்தார்.

விவசாய ஒலிபரப்பு அந்தக் காலத்தில் சாதாரண சமாச்சாரம் இல்லை. 1966இல் அகில இந்திய வானொலியில் பண்ணை இல்லப் பிரிவுகள் ஆரம்பித்தார்கள். தஞ்சாவூர்ப் பக்கம் ஆடுதுறை 27 என்ற நெல்லுக்கு விவசாயிகள் "ரேடியோ நெல்" என்றே பெயர் வைத்துவிட்டார்கள். விதையைப் பற்றி வானொலி மூலம் தெரிந்துகொண்டதால் வந்த பெயர். திருநெல்வேலி நிலையம் 1963 டிசம்பர் 1இல் தொடங்கியது. அது கோவில்பட்டி, விளாத்திகுளம், எட்டயபுரம் என்று கரிசல் பூமி முழுக்க எட்டும்.

ஆனால் இந்த மானாவாரிச் சம்சாரியிடம் பேசுவது லேசான காரியமா? வாய்க்கால் கிடையாது, அணை கிடையாது. வடகிழக்குப் பருவமழையை நம்பிப் பருத்தியும் கம்பும் உளுந்தும் விதைக்கிறவர். கோவில்பட்டியில் 1901இலிருந்தே விவசாய ஆராய்ச்சி நிலையம் இருக்கிறது. மழைக்கு முன்பே விதையைக் கடினப்படுத்தி விதைத்துவிடுங்கள் என்று சொன்னது அந்த நிலையம். நல்ல யோசனைதான். ஆனாலும் மழை வராத வருஷம் எந்த யோசனையும் செல்லுபடியாகாது. அப்படிப்பட்டவரிடம் உத்தரவு போடுகிற தொனியில் பேசினால் ரேடியோவைத் திருகி அணைத்துவிடுவார். சுவாமிநாதனுடைய பேச்சு நடை எப்படி வந்தது என்று நினைக்கும்போதெல்லாம், சம்சாரிகளிடம் பேசிப் பழகிய அந்த நாட்களில்தான் பதப்பட்டிருக்கும் என்றே எனக்குத் தோன்றும்.

நான் படித்தது பாண்டிச்சேரியில், பிரெஞ்சு மீடியத்தில். லா ஃபோந்தேன் எழுதிய மிருகக் கதைப் பாடல்களைத் தலைகீழாக ஒப்பிக்க வேண்டும். காக்கையும் நரியும், எறும்பும் சில்வண்டும். கதை முடிந்ததும் நீதி எது என்று வாத்தியார் கேட்பார். சொல்லாவிட்டால் பிரம்பு. அதனால் கதை என்றாலே கடைசியில் நமக்கு ஒரு குட்டு காத்திருக்கிறது என்று மனதில் பதிந்துவிட்டது.

அப்பா காலமானபின் அம்மாவின் ஊரான சாத்தூர்ப் பக்கம் வந்தோம். பரீட்சை எழுதினேன், கோவில்பட்டியில் வேலை கிடைத்தது. (இடைசெவல் கி. ராஜநாராயணன் கோவில்பட்டிப் பக்கமிருந்து பாண்டிச்சேரிக்குப் போனார், நான் அங்கிருந்து இங்கே வந்தேன். கணக்குச் சரியாகிவிட்டது என்று நண்பர்களிடம் சொல்வேன்.) இங்கே வந்தபிறகு சுவாமிநாதனைக் கேட்டபோதுதான், கதையை வேறு விதமாகவும் முடிக்கலாம் என்று தெரிந்தது. அவர் நீதியோடு நிறுத்துவதில்லை. முல்லா கதை, ஜென் கதை, டாக்டர்கள் சொன்னது என்று எதையாவது சொல்லி, நல்ல கருத்தையும் சொல்லி முடித்துவிடுவார். அதற்கப்புறம் ஒரு சின்னச் சிரிப்புக் கதை வரும். அது அதுவரை சொன்ன உபதேசத்தையே லேசாகக் காலை வாரிவிடும்.

அந்தப் பாணியில் நானே ஒன்று சொல்லிப் பார்க்கிறேன். ஓர் ஊரில் மழைநீரைச் சேமிப்பது பற்றிக் கூட்டம். அதிகாரி இரண்டு மணி நேரம் விளக்கினார். சந்தேகம் இருந்தால் கேளுங்கள் என்றார். ஒரு பெரியவர் எழுந்து, "அய்யா, சேமிக்கிறது எப்படின்னு நல்லா வெளங்கிட்டு. அந்த மழைய எந்த ஆபீசுல வாங்கணும்னு மட்டும் சொல்லலையே" என்றாராம்.

இதில் கேலிக்கு ஆளானது யார்? கேட்டவரில்லை, சொன்னவர்தான். உபதேசம் செய்தவர் நாற்காலியிலிருந்து இறங்கி நம்மோடு தரையில் உட்கார்ந்துவிடுகிறார். அதனால்தான் அவர் சொன்ன நல்லதும் மனதில் தங்கியது.

தொண்ணூறுகளில் ஒரு வருஷம் மழை பொய்த்தது. பயிர் போன நிலத்துக்கு எங்கள் கணக்கில் "சாவி" என்று ஒரே சொல்தான் எழுதுவோம். ஒரு குடும்பத்தின் வருஷம் முழுவதும் அந்த இரண்டெழுத்துக்குள் அடங்கிவிடும். அப்படி எழுதப்பட்ட ஒரு சம்சாரி, ஒரு காலையில் பஸ் நிலையத்துக்கு எதிரே டீக்கடையில் நின்று ரேடியோ கேட்டுக்கொண்டிருந்தார். தகவல் முடிந்ததும் வேட்டி முனையால் கண்ணைத் துடைத்துக்கொண்டு சிரித்தார். என்னைப் பார்த்ததும் கேட்டார்:

"சார், அவுகளும் சர்க்கார் உத்தியோகந்தானாம்ல? அவுக சொல்லுதது வெளங்குது. உங்க ஆபீசுலருந்து வார காயிதம் மட்டும் ஏன் வெளங்க மாட்டேங்கு?"

கோபமாகக் கேட்கவில்லை, நிஜமாகவே தெரிந்துகொள்ளத்தான் கேட்டார். "அது அப்படித்தான்யா" என்றேன். வேறென்ன சொல்ல? அலுவலக மொழியை நான் உண்டாக்கவில்லை, மாற்றும் அதிகாரமும் எனக்கில்லை. ஆனால் அதே மாதிரி விதிகளும் மேலதிகாரிகளும் கோப்புகளும் உள்ள ஒரு அரசு நிறுவனத்துக்குள் இருந்துகொண்டே, ஐந்து நிமிஷ நேரத்தை வாங்கி, மனுஷனிடம் மனுஷனாகப் பேச முடியும் என்று ஒருவர் காட்டிவிட்டார். உதவி நிலைய இயக்குநராக ஓய்வு பெற்றார். பதவியின் பெயர் எத்தனை பேருக்கு ஞாபகம் இருக்கிறது? குரல் எல்லோருக்கும் ஞாபகம் இருக்கிறது.

பிறகு சன் தொலைக்காட்சியில் "இந்த நாள் இனிய நாள்" என்று வந்தார். வானொலித் தகவல்கள் பல பாகங்களாகப் புத்தகமாயின. 2009 செப்டம்பர் 16இல் காலமானார். புத்தகங்களில் சில என்னிடம் இருக்கின்றன. படித்தால் பக்கத்துக்குப் பக்கம் அந்தக் குரலும் சேர்ந்தே கேட்கிறது. குரலைக் கேட்டிராத பேத்திக்குப் படித்துக் காட்டினேன். கடைசி வரியில் அவளும் சிரித்தாள். ஆக, சரக்கும் நல்ல சரக்குதான்.

இப்போது தெருவில் யாராவது முதியோர் உதவித்தொகைக்கோ பட்டா மாறுதலுக்கோ மனு எழுதித் தரச் சொல்லி வருகிறார்கள். எழுதி முடித்ததும் அவர்களுக்கே உரக்கப் படித்துக் காட்டுகிறேன். எந்த இடத்தில் புருவத்தைச் சுருக்குகிறார்களோ, அந்த வரியை அடித்துவிட்டு அவர்கள் வாயில் வருகிற மாதிரியே எழுதுகிறேன். இதுவரை எந்த அலுவலகமும் அந்த மனுக்களைத் திருப்பி அனுப்பவில்லை.