நாற்சந்தி ஊரும் நேற்றைய ரொட்டியும்



சென்னையிலிருந்து பண்ருட்டி, நெய்வேலி, வடலூர் வழியாகக் கும்பகோணம் செல்லும் பெருவழியில், கடலூர் மாவட்டத்தின் தென்பகுதியில் அமைந்துள்ள ஊர் சேத்தியாத்தோப்பு. விருத்தாசலத்திலிருந்து புவனகிரி, சிதம்பரம் வழியாகப் பரங்கிப்பேட்டைக் கடற்கரைக்குச் செல்வோரும் இவ்வூரைக் கடந்தே செல்ல வேண்டும். ஆகவே இது நான்கு திசைப் பயணிகளும் இறங்கி ஏறுகின்ற ஊர். பேருந்துக்குக் காத்திருப்போர் ஒரு தேநீரும் இரண்டு ரொட்டித் துண்டுகளுமாகப் பசியாறிவிட்டு, வந்த வண்டியில் ஏறிப் போய்விடுவர். ஊரைப் பார்ப்பதற்கென்று இறங்குவோர் குறைவு.

நீங்கள் ஒருமுறை இறங்க நேர்ந்தால், அந்த நாற்சந்தியில் சற்று நின்று, நான்கு சாலைகளும் எங்கிருந்து எதைக் கொண்டு வருகின்றன என்று எண்ணிப் பாருங்கள். நம் அடுப்பங்கரையில் கால்மணி நேரத்தில் செய்துவிடக்கூடிய ஓர் எளிய பலகாரம் உங்கள் நினைவுக்கு வரும். முட்டையும் பாலும் சர்க்கரையும் கலந்து, அதில் ரொட்டித் துண்டைத் தோய்த்து, நெய்யில் சுட்டெடுக்கும் பலகாரம் அது. ஆங்கிலேயர் அதனைப் ‘பிரெஞ்சு டோஸ்ட்’ என்பர். நம் தமிழகத்து வீடுகளிலும் தேநீர்க் கடைகளிலும் அதற்குப் ‘பாம்பே டோஸ்ட்’ என்று பெயர்.

நான்கு சாலைகளும் ஒரு தட்டும்

முதலில் தட்டிலிருந்து தொடங்குவோம். மேற்கே செல்லும் சாலை விருத்தாசலத்திற்குப் போகிறது. பீங்கான் தொழிலுக்குப் பெயர் பெற்ற ஊர் அது. பீங்கான் தொழிற்பேட்டையும், அத்தொழிலைக் கற்பிக்கும் அரசுப் பயிலகமும் அங்கே உள்ளன. நெய்வேலியில் பழுப்பு நிலக்கரியை எடுப்பதற்காக மேல்மண்ணை அகற்றும்போது வெண்களிமண் கிடைக்கிறது. அம்மண் சூளையில் வெந்து பொம்மையாகவும், மின்சாரப் பியூஸ் கட்டையாகவும், கோப்பையாகவும் உருப்பெறுகிறது. கரிக்காகத் தோண்டியவர்களுக்குத் தடையாகக் கிடந்த மண், தீயில் வெந்தபின் மதிப்புள்ள பொருளாகிவிடுகிறது. இதை மனத்தில் வைத்துக்கொள்ளுங்கள்; ரொட்டியைப் பற்றிப் பேசும்போது தேவைப்படும்.

தெற்கே சென்றால் வீராணம் ஏரி. பத்தாம் நூற்றாண்டில், முதலாம் பராந்தக சோழன் காலத்தில் வெட்டப்பட்ட ஏரி. அவனுக்கிருந்த வீரநாராயணன் என்னும் பட்டமே ஏரிக்குப் பெயராகிப் பின்னர் வீராணம் என மருவியது. 2004ஆம் ஆண்டு முதல் இந்த ஏரித் தண்ணீர் குழாய் வழியாகச் சென்னை மக்களின் தாகத்தையும் தணித்து வருகிறது. ஏரிக்கரைப் பகுதியில்தான் நம் லால்பேட்டையும், ஆலிம்கள் பலரை உருவாக்கிய ஜாமிஆ மன்பவுல் அன்வார் அரபுக் கல்லூரியும் இருக்கின்றன. வெள்ளாறும் வீராணமும் நனைக்கின்ற இந்த மண்ணில் நெல்லும் கரும்பும் செழிக்கும். கரும்பைப் பிழிவதற்குச் சேத்தியாத்தோப்பிலேயே எம்.ஆர்.கே. கூட்டுறவு சர்க்கரை ஆலை அமைந்தது. பாலுக்கும் முட்டைக்கும் சுற்றுப்புறக் கிராமங்கள் போதும்.

வடக்குச் சாலையில் பண்ருட்டியின் முந்திரியும் பலாவும் வரும். அதே சாலையில் உள்ள வடலூரில், 1867இல் வள்ளலார் இராமலிங்க அடிகள் பசித்தோருக்காக மூட்டிய அடுப்பு இன்றுவரை அணையாமல் எரிந்துகொண்டிருப்பதைச் சகோதரச் சமயத்தார் பெருமையோடு கூறுவர். பசித்தவனுக்கு உணவளித்தலை அறமெனக் கொள்ளாத சமயம் எது?

கிழக்குச் சாலை முடியும் இடம் பரங்கிப்பேட்டை. அரபு வணிகரும் மரைக்காயரும் கப்பலோட்டிய அத்துறைமுகத்திற்கு மஹ்மூது பந்தர் என்றும் பெயருண்டு. பின்னர் வந்த போர்த்துகீசியர், ‘புதிய துறைமுகம்’ என்ற பொருளில் ‘போர்ட்டோ நோவோ’ என்றனர். புளிக்கவைத்த மாவில் சுடும் ரொட்டியை இந்நாட்டுக் கடற்கரைகளில் பரப்பியவர்களும் அவர்களே. அவர்கள் மொழியில் ரொட்டிக்கு வழங்கிய சொல்லே பம்பாயில் ‘பாவ்’ என்றும், இலங்கைத் தமிழில் ‘பாண்’ என்றும் இன்றளவும் வழங்குகிறது.

ஆக, மேற்கிலிருந்து தட்டு, தெற்கிலிருந்து சர்க்கரை, வடக்கிலிருந்து முந்திரி, கிழக்குக் கடல்வழியே ரொட்டி என எல்லாம் அந்த நாற்சந்தியில் கூடிவிடுகின்றன.

பெயருக்குள் ஒரு பாடம்

இப்பலகாரத்திற்குப் பிரெஞ்சுக்காரர்கள் தம் மொழியில் வைத்துள்ள பெயர் ‘பேன் பெர்தூ’. ‘தொலைந்துபோன ரொட்டி’ என்பது அதன் பொருள். காய்ந்து, இறுகி, இனி எவர்க்கும் பயன்படாது எனக் கைவிடப்பட்ட ரொட்டியைப் பாலூற்றி மீட்டெடுப்பதால் அப்பெயர். பிரெஞ்சுக்காரர்கள் மட்டும் கண்டுபிடித்தது என்று இதனைச் சொல்லவும் முடியாது. அபிசியஸ் என்பவரின் பெயரால் வழங்கும் பழைய உரோமானியச் சமையல் நூலிலேயே, ரொட்டியைப் பாலில் தோய்த்துப் பொரித்துத் தேன் ஊற்றும் முறை காணப்படுகிறது. பத்தாம் நூற்றாண்டு பக்தாதில் இப்னு சய்யார் அல்வர்ராக் தொகுத்த சமையல் நூலில் ‘ஜூதாபா’ என்றொரு உணவு உண்டு. அடுப்பில் இறைச்சியைத் தொங்கவிட்டு, அதன் கீழே இனிப்பூட்டிய ரொட்டி அடுக்குகளை வைத்து, வடிகின்ற கொழுப்பை அவை உறிஞ்சும்படிச் செய்வர். ஹைதராபாதின் ‘டபுள் கா மீட்டா’வும், ஆம்பூர், வாணியம்பாடி விருந்துகளில் பிரியாணியுடன் வைக்கும் ரொட்டி அல்வாவும் இந்தக் குடும்பத்தைச் சேர்ந்தவையே.

மதரஸாவில் ஹதீஸ் பாடத்தில் ‘ஸரீத்’ என்ற சொல் வரும்போதெல்லாம், “அது என்ன உணவு, உஸ்தாத்?” என்று மாணவர்கள் கேட்பது வழக்கம். ரொட்டியைப் பிய்த்து இறைச்சி ஆணத்தில் ஊறவைத்த உணவே ஸரீத். அன்னை ஆயிஷா (ரலி) அவர்களின் சிறப்பை எடுத்துரைக்க நபிகள் நாயகம் (ஸல்) அவர்கள் உவமையாகக் கொண்டது இந்த உணவைத்தான் என்பதைப் புகாரி ஹதீஸ் நூலில் காண்கிறோம். நாயகத்தின் பாட்டனார் அப்துல் முத்தலிப் அவர்களின் தந்தைக்கு அம்ர் என்பதே இயற்பெயர். மக்காவில் பஞ்சம் வந்தபோது அவர் ரொட்டிகளை உடைத்து ஆணத்தில் ஊறவைத்து ஊர் மக்களுக்கு வழங்கினார். அதனால் ‘உடைப்பவர்’ என்ற பொருளில் ஹாஷிம் என்னும் பெயர் அவருக்கு நிலைத்தது என வரலாற்றாசிரியர்கள் எழுதுகின்றனர். சிந்தித்துப் பாருங்கள்! பனூ ஹாஷிம் என்னும் உயர்குடியின் பெயரே, பசித்தவருக்காக ஒருவர் ரொட்டியை உடைத்ததிலிருந்து பிறந்திருக்கிறது.

செய்யும் முறை

சகோதரிகளே! நேற்றைய ரொட்டித் துண்டுகள் ஆறு, முட்டை இரண்டு, பால் முக்கால் தம்ளர், சர்க்கரை இரண்டு மேசைக்கரண்டி, ஏலக்காய்ப் பொடி கால் தேக்கரண்டி, உப்பு ஒரு சிட்டிகை, சுடுவதற்கு நெய். இவ்வளவுதான் தேவை. முட்டையை முதலில் நன்றாக அடித்து, பின்னர் மற்றவற்றைச் சேர்த்துக் கலக்குங்கள். அகன்ற தட்டில் ஊற்றி, ஒவ்வொரு துண்டையும் பக்கத்திற்கு அரை நிமிடம் ஊறவிடுங்கள். தோசைக்கல்லை மிதமான தீயில் வைத்து, நெய் தடவி, இருபுறமும் பொன்னிறமாகும்வரை சுட்டெடுங்கள். வறுத்த முந்திரியை மேலே தூவலாம். தீயைக் கூட்டினால் மேற்புறம் கருகி, உள்ளே முட்டை வேகாமல் நின்றுவிடும். பொறுமைதான் இதற்கு முக்கியமான மசாலா.

புது ரொட்டியை ஏன் பயன்படுத்தக் கூடாது என்று கேட்கலாம். மென்மையான புது ரொட்டி பாலில் இட்டதும் குழைந்து பிய்ந்துவிடும். ஒருநாள் ஆன ரொட்டியிலோ மாவுச்சத்து இறுகியிருப்பதால், பாலை உறிஞ்சியும் வடிவம் குலையாது. குளிர்சாதனப் பெட்டிக்குள் வைத்தால் ரொட்டி விரைவில் கெடாது என்பது உண்மையே. ஆனால் வெளியில் இருப்பதைவிட அங்கே விரைவாக இறுகிவிடும். சுடும்போது எழும் அந்த நறுமணமும் பொன்னிறமும், பால், முட்டை ஆகியவற்றின் புரதமும் சர்க்கரையும் சூட்டில் கலந்து விளைவிப்பவை. இதனை 1912இல் விளக்கியவர் மெயார் என்னும் பிரெஞ்சு வேதியியல் அறிஞர்.

இரண்டு எச்சரிக்கைகள். இறுகிய ரொட்டி வேறு. பூஞ்சணம் பிடித்த ரொட்டி வேறு. பச்சையாகவோ கறுப்பாகவோ ஒரு புள்ளி தெரிந்தாலும் அந்தத் துண்டை விலக்கிவிடுங்கள். அந்த இடத்தை மட்டும் கிள்ளி எறிவது போதாது. கண்ணுக்குத் தெரியாத இழைகள் உள்ளே ஓடியிருக்கும். உடலுக்குக் கேடு செய்வதைத் தின்பது சிக்கனம் ஆகாது. மற்றொன்று, மணத்திற்காகச் சேர்க்கப்படும் வெனிலா எசன்ஸ் சிலவற்றில் ஆல்கஹால் கலந்திருப்பதுண்டு. நம் வீட்டு ஏலக்காய் இருக்க, ஐயத்திற்குரியதை ஏன் நாட வேண்டும்?

குப்பைக்கூடையும் தர்மமும்

இவ்வளவும் ஒரு பலகாரத்திற்காகவா என்று கேட்பீர்கள். பலகாரத்திற்காக மட்டுமன்று.

2023ஆம் ஆண்டு ஜூலை மாதம், சேத்தியாத்தோப்பை அடுத்த வளையமாதேவியில், நிலக்கரிச் சுரங்க விரிவாக்கத்திற்காகக் கால்வாய் வெட்டும் பணி நடந்தது. நெற்பயிர் நின்ற வயல்களில் மண்வாரி இயந்திரங்கள் இறங்கின. நிலம் முன்னரே கையகப்படுத்தப்பட்டது என்று ஒருபுறம் கூறினர். அறுவடைவரை பொறுத்திருக்கக் கூடாதா என்று மறுபுறம் கதறினர். வழக்கு சென்னை உயர்நீதிமன்றம் சென்றது. பயிர் அழிந்ததைக் கண்டு தாம் வேதனையுற்றதாக நீதிபதியே கூறினார். அந்தக் காட்சியைப் படங்களில் பார்த்த நாமும் கலங்கினோம். சாதி, சமய வேறுபாடின்றி எல்லாரும் கலங்கினர்.

கலங்கிய அதே நாம், மறுநாள் காலை நம் வீட்டுக் குப்பைக்கூடையில் எதைப் போட்டோம்? ஓரம் இறுகிய ரொட்டி, பிள்ளைகள் பாதி கடித்து வைத்த பன், நோன்பு திறக்க வாங்கி மீந்த பலகாரம். வயலில் அழிந்த பயிருக்கு அழுத கண்கள், கூடையில் விழும் ரொட்டியைக் காண்பதில்லையே! கீழே விழுந்த கவளத்தையும் எடுத்துத் தூசு நீக்கி உண்ணும்படி அறிவுறுத்திய நபிகளாரின் உம்மத் அல்லவா நாம்? உணவின் எப்பகுதியில் பரக்கத் இருக்கிறது என்பதை நாம் அறியமாட்டோம் என்றல்லவா அவர்கள் கற்பித்தார்கள்? உண்ணலாம், பருகலாம், ஆனால் வீண்விரயம் கூடாது என்பது திருமறை விதித்த எல்லை.

இன்னொன்றும் உண்டு. நமக்கு வேண்டாதது என்று ஒதுக்கிய காய்ந்த ரொட்டியை, வாசலில் நிற்கும் மிஸ்கீனின் கையில் வைத்துவிட்டு, தர்மம் செய்ததாக மனநிறைவு கொள்கிறோம். நாமே கண்ணை மூடிக்கொண்டன்றி வாங்கமாட்டாத மட்டமான பொருளை அறவழியில் கொடுக்க நாட வேண்டாம் என அல் பகரா அத்தியாயத்தில் அல்லாஹ் எச்சரிக்கின்றான். அப்படியானால் நேற்றைய ரொட்டியை என்ன செய்வது? அதைப் பாலில் தோய்த்து, நெய்யில் சுட்டு, நம் பிள்ளைகளுக்கு வைக்கும் அதே தட்டில் வைத்து அவருக்கும் கொடுங்கள். நமக்கும் அவருக்கும் உணவு ஒன்றே என்றாகும்போதுதான் அது கண்ணியமான தர்மம்.

செலவு எவ்வளவு? இரண்டு முட்டை, ஒரு தம்ளருக்கும் குறைவான பால், கால்மணி நேரம். ஹாஷிம் அவர்கள் மக்காவில் செய்தது போலப் பெரும் விருந்து வைக்க நம்மால் இயலாதிருக்கலாம். ஆறு துண்டு ரொட்டி எல்லார் வீட்டிலும் இருக்கும். வெண்களிமண் தீயில் வெந்து கோப்பையாவதைப் போல, கைவிடப்பட்ட ரொட்டியும் ஒரு தாயின் கைபட்டு விருந்தாகட்டும். சேத்தியாத்தோப்பு வழியாகச் செல்லும்போது, வெள்ளாற்றுப் பாலத்திலிருந்து தெரியும் பச்சை வயல்களைப் பிள்ளைகளுக்குக் காட்டுங்கள். ஒரு கவளத்திற்குப் பின்னால் எத்தனை கைகளின் உழைப்பு இருக்கிறது என்று சொல்லிக்கொடுங்கள்.

தந்த நிஃமத்துகளின் அருமை உணர்ந்து, வீண்விரயம் தவிர்த்து, பசித்தவரோடு பகிர்ந்துண்ணும் நன்மக்களாக வல்ல அல்லாஹ் நம் அனைவரையும் ஆக்கியருள்வானாக! ஆமீன்.