பத்து முறை வர்க்கமூலம்

நான் கல்லூரியில் பயின்ற காலத்தில், இரசாயன வகுப்பில் வினைவேகக் கணக்கு வரும்போதெல்லாம், லாகரித அட்டவணையைப் புரட்டி, பத்தை அடியாகக் கொண்ட லாகரிதத்தைக் கண்டெடுத்து, அதை 2.303 என்னும் எண்ணால் பெருக்கி விடை எழுதுவது எங்களுக்குக் கைப்பழக்கமாகிவிட்டிருந்தது. ஆயினும் அந்த 2.303 எங்கிருந்து வந்தது, அதனால் பெருக்கியபின் கிடைக்கும் லாகரிதத்துக்கு ‘இயற்கை’ என்ற அடைமொழி எவ்வாறு வாய்த்தது என்று நான் ஒருநாளும் கேட்டதில்லை. பிற்காலத்தில் ‘லாக்’, ‘எல்.என்.’ என இரு விசைகள் அருகருகே அமைந்த கால்குலேட்டர் கைக்கு வந்ததும் பெருக்கும் வேலை ஒழிந்தது. அதனோடு கேட்பதற்கிருந்த கேள்வியும் மறைந்தது.

அந்தக் கேள்வியை எனக்கு மீட்டுத் தந்தது, மளிகைக் கடைகளில் கல்லாப்பெட்டியின்மேல் கிடக்கும் எட்டு இலக்கச் சாதாரணக் கால்குலேட்டர்தான். நான்கு அடிப்படைக் கிரியைகளும் வர்க்கமூலமுமே அது அறிந்தவை. இரண்டு என்ற எண்ணை இட்டு, வர்க்கமூல விசையைப் பத்து முறை அழுத்தினேன். 1.4142135, 1.189207, 1.0905076 என்று ஒன்றை நோக்கிப் படிப்படியாக இறங்கிய எண், பத்தாம் முறையில் 1.000677 என நின்றது. அதிலிருந்து ஒன்றைக் கழித்து, எஞ்சிய 0.000677-ஐ, பத்து முறை பாதியாக்கியதற்கு ஈடாக 1024-ஆல் பெருக்கியபோது 0.693248 வந்தது, இரண்டின் இயற்கை லாகரிதமோ 0.693147.

இதன் சூட்சுமம் எளியது. ஒவ்வொரு வர்க்கமூலமும் லாகரிதத்தைச் சரிபாதியாக்குகிறது. எண்ணானது ஒன்றுக்கு மிக அண்மையில் வந்தவுடன், ஒன்றைக் கடந்து நிற்கும் அந்த அற்ப மிகுதியே ஏறக்குறைய அதன் லாகரிதமாகிவிடுகிறது. பத்தை அடியாகக் கொண்டால் அம்மிகுதியை 0.4343-ஆல் பெருக்கியாக வேண்டும், 2.71828 எனத் தொடங்கும் அந்த மாறிலியை அடியாகக் கொண்டாலோ, எதனாலும் பெருக்க வேண்டியதில்லை. மனிதன் தன் கைவிரல்களை எண்ணி ஏற்படுத்திக்கொண்ட பத்தின் சாயல் சிறிதும் படாமல், எண்ணின் சுபாவத்திலிருந்தே பிறப்பதால்தான் அது இயற்கை லாகரிதம். நாங்கள் மனப்பாடம் செய்த 2.303 என்பது, 2.302585 எனத் தொடரும் பத்தின் இயற்கை லாகரிதத்தின் சுருக்கமே என்பதும் அன்றுதான் என் நெஞ்சில் பதிந்தது.

என் விரல் சில நொடிகளில் செய்த இக்காரியத்தை, இயந்திரத் துணை ஏதுமின்றி ஒரு மனிதர் செய்திருக்கிறார். ஸ்காட்லாந்தின் ஜான் நேப்பியர், இருபது ஆண்டுகள் உழைத்து 1614-இல் லாகரிதத்தை உலகுக்கு அளித்தார். அதைக் கண்டு வியந்து, மறு ஆண்டே லண்டனிலிருந்து எடின்பரோவுக்குப் பிரயாணம் செய்து அவரைத் தரிசித்த பேராசிரியர் ஹென்றி பிரிக்ஸ், பத்தின் வர்க்கமூலத்தை, அதன் வர்க்கமூலத்தை என்று 54 முறை தொடர்ந்து கண்டார். ஒன்றைக் கழித்த மாத்திரத்தில் என் கால்குலேட்டரில் மூன்று இலக்கங்களே மிஞ்சின. அத்தகைய இழப்புக்கு இடங்கொடாமல் அவர் முப்பதுக்கும் மேற்பட்ட தசம ஸ்தானங்களைக் கையால் எழுதி எழுதியே கொண்டு சென்றார். 30,000 எண்களின் லாகரிதங்களைப் பதினான்கு தசம ஸ்தானங்கள் வரை தந்த அவருடைய நூல் 1624-இல் வெளிவந்தது.

இப்பொழுது கணக்குக் கேட்டு வரும் மாணவர்களிடம் நான் முதலில் கொடுப்பது அந்தச் சாதாரணக் கால்குலேட்டரையே. பத்து முறை வர்க்கமூலம் கண்டு, கழித்து, பெருக்கி, தங்கள் கையாலேயே 0.693 வரை வந்து சேர்ந்த பிறகுதான் ‘எல்.என்.’ விசையைக் காட்டுகிறேன். விசை தரும் விடை ஒன்றுதான். ஆனால் அதற்குள் எத்தனை வர்க்கமூலங்களின் உழைப்பு அடங்கிக் கிடக்கிறது என்பதை அப்பொழுது அவர்களுடைய விரல் அறிந்திருக்கிறது.