எழுதியவர் பெயரில் ஓடிய படங்கள்

கதை, திரைக்கதை, வசனம், டைரக்‌ஷன் என்று நான்குக்கும் ஒரே பெயர் வரும் டைட்டில் கார்டு தமிழ் ரசிகர்களுக்குப் பழகிப்போன ஒன்று. படம் ஓடினால் புகழ் டைரக்டருக்கு. வசனம் மட்டும் எழுதியவர் எங்கோ ஓரத்தில். பக்கத்து வீடான கேரளத்தில் நிலைமையை மாற்றிக் காட்டினார் ஒருவர். ஹரிஹரன் இயக்கினாலும் சரி, பரதன் இயக்கினாலும் சரி, ஜனங்கள் அதை ‘எம்.டி. படம்’ என்றார்கள்.

எம்.டி. வாசுதேவன் நாயர் பிறந்தது 1933இல், கூடல்லூரில். நீலகிரியின் கூடலூர் அல்ல. ஆனைமலையில் பிறந்து பாலக்காடு வழியாக ஓடும் பாரதப்புழையின் கரையில் உள்ள கிராமம். பாலக்காடு விக்டோரியா கல்லூரியில் அவர் படித்தது ரசாயனம். பிழைப்பு பத்திரிகையில். மாத்ருபூமி வார இதழின் ஆசிரியராக உட்கார்ந்தபோது சிறுகதையிலும் நாவலிலும் அவர் பெரிய பெயர்.

சினிமாவுக்கு அவர் வந்தது 1965இல், ‘முறைப்பெண்ணு’ மூலம். இயக்கியவர், ஸ்ரீதர் படங்களின் ஒளிப்பதிவாளராகத் தமிழர்கள் அறிந்த ஏ. வின்சென்ட். பிறகு ஐம்பதுக்கும் மேற்பட்ட திரைக்கதைகள். 1973இல் தானே இயக்கிய ‘நிர்மால்யம்’, சிறந்த படத்துக்கான தேசிய விருதைத் தட்டிச் சென்றது. வருமானமற்ற கோயிலில் பசியோடு ஆடும் வெளிச்சப்பாடு கடைசியில் தன் நெற்றியை வாளால் வெட்டிக்கொண்டு, ரத்தத்தைத் தேவியின் மீதே உமிழ்ந்து சாகிறான். அந்தக் காட்சியை இன்று எடுக்க எத்தனை பேருக்குத் துணிச்சல் வரும்?

‘ஒரு வடக்கன் வீரகாதை’ (1989) அவருடைய உச்சம் என்றே சொல்லலாம். வடக்கன் பாட்டுகளில் சந்து என்றால் துரோகி. கூடப் பிறந்தவனைப் போன்ற ஆரோமலை வஞ்சகமாகக் கொன்றவன். குழந்தைகளுக்கும் தெரிந்த கதை. எம்.டி. அதே சம்பவங்களை வைத்துக்கொண்டு சந்துவின் பக்கம் போய் நின்றார். ஒவ்வொரு குற்றச்சாட்டுக்கும் பின்னால் ஓர் ஏமாற்றம், ஓர் அவமானம். ஊர் சொன்ன தீர்ப்பு படம் முடிவதற்குள் தலைகீழாகிவிடுகிறது. மம்மூட்டியின் கம்பீரம் இருந்தது, ஹரிஹரனின் பிரம்மாண்டம் இருந்தது. ஆனால் படத்தைத் தாங்கியது எழுத்து. சிறந்த திரைக்கதைக்கான தேசிய விருது அதற்குக் கிடைத்தது. ‘கடவு’, ‘சதயம்’, ‘பரிணயம்’ என்று மேலும் மூன்று முறை அதே விருது. அவருடைய திரைக்கதைகள் புத்தகமாக வந்தபோது, நாவலைப் போலவே வாங்கிப் படித்தார்கள் மலையாளிகள்.

டென்மார்க்கின் பொதுத் தொலைக்காட்சி, எழுத்தாளரின் பார்வையே தொடரின் பார்வை என்பதைக் கொள்கையாகவே வைத்து ‘போர்கன்’ (2010) போன்ற தொடர்களைத் தயாரித்தது. எம்.டி.க்கு அப்படி யாரும் சட்டம் போட்டுக் கொடுக்கவில்லை. வேண்டியபோது அவரே கேட்டு வாங்கினார். பீமனின் கண்ணால் மகாபாரதம் சொல்லும் அவருடைய ‘இரண்டாமூழம்’ நாவல், 1,000 கோடி ரூபாய்ப் படமாகும் என்று 2017இல் அமர்க்களமாக அறிவிப்பு வந்தது. ஒப்பந்தக் கெடு முடிந்தும் படப்பிடிப்பு தொடங்கவில்லை. 2018இல், 85 வயதில், ஸ்கிரிப்டைத் திருப்பிக் கொடு என்று கோர்ட்டுக்குப் போனார். 2020இல் சமரசம் ஏற்பட்டு அது அவர் கைக்கே வந்தது. கோடிகளைப் பார்த்து வாய் பிளக்கும் தொழிலில் இது அபூர்வம்.

2024 ஆகஸ்டில் அவருடைய கதைகள் ‘மனோரதங்கள்’ என்ற பெயரில் ஒன்பது குறும்படங்களாக ஓ.டி.டி.யில் வந்தன. அறிமுகம் செய்து பேசியவர் கமல்ஹாசன், 1974இல் எம்.டி. எழுதிய ‘கன்னியாகுமரி’யின் இளம் நாயகன். ஒன்பதில் ஒன்றில் மம்மூட்டி இலங்கையின் கடுகண்ணாவைக்குப் போகிறார். சிறுவயதில் அப்பா இலங்கையிலிருந்து வீட்டுக்கு அழைத்து வந்த ஒரு சிறுமி, தன் தங்கைதானோ என்ற சந்தேகம், இப்போது தேடல். எம்.டி.யின் தந்தையும் இலங்கையில் வேலை பார்த்தவர்தான். அதே சிறுமியைப் பற்றி இளம் வயதிலேயே ஒரு கதை எழுதியிருந்தார் எம்.டி. தொடர் வெளியான நான்கு மாதத்தில், டிசம்பர் 25 அன்று, கோழிக்கோட்டில் அவர் காலமானார்.