மூன்றாவது பெஞ்சு மாணவி

'உதரிங் ஹைட்ஸ்' நாவலை இருபது வருஷம் பாடம் நடத்தியவன் நான். ஒரு மாணவி எழுந்து, "சார், ஹிண்ட்லியை ஹீத்கிளிஃப் கொன்னிருப்பானோ?" என்று கேட்டாள். "பரீட்சைக்கு வராதும்மா, உட்காரு" என்றேன்.

ஓய்வுக்குப் பின் ஜான் சதர்லாண்டின் புத்தகம் கிடைத்தது. விக்டோரியா கால நாவல்களுக்குப் பெரிய கையேடே தொகுத்த லண்டன் பேராசிரியர். 1996-ல் வந்த அந்தப் புத்தகத்தின் தலைப்பே 'ஹீத்கிளிஃப் ஒரு கொலைகாரனா?' என்பதுதான்! வைத்தியரை அழைத்துவர ஜோசப் கிளம்பியபோது ஹிண்ட்லிக்கு உயிர் இருந்தது. கூட இருந்தவன் ஹீத்கிளிஃப். திரும்பி வந்தால் பிணம். எத்தனை தடவை இதை வகுப்பில் வாசித்திருப்பேன்!

அந்தப் பெண்ணின் பெயர் நினைவில்லை. மூன்றாவது பெஞ்சு, ஜன்னலோரம். உட்காரும்போது புத்தகத்தை மூடிவிட்டாள்.