எல்லோரும் சுவரைப் பார்த்து நின்றால்

கமராவை ஒளித்து வைத்து, சாதாரண மனிதர்களின் நடத்தையைப் படம்பிடித்துக் காட்டும் நிகழ்ச்சிகளைத் தொலைக்காட்சியில் பார்த்துச் சிரித்திருப்பீர்கள். அமெரிக்காவில் அலன் ஃபன்ட் என்பவர் நடத்திய ‘கண்டிட் கமரா’ இவற்றுக்கு முன்னோடி. 1947இல் மறைத்து வைத்த ஒலிவாங்கியுடன் வானொலியில் தொடங்கிய அவரது முயற்சி, 1948இல் தொலைக்காட்சிக்கு வந்தது.

நான் சமூகவியல் படித்தபோது, 1962இல் ஒளிபரப்பான அதன் காட்சியொன்றை விரிவுரையில் காட்டினார்கள். ஒருவர் லிப்டில் ஏறுகிறார். அவருடன் ஏறுபவர்கள் நிகழ்ச்சிக்காரர்கள். அவர்கள் கதவைப் பார்க்காமல் பின்சுவரைப் பார்த்து நிற்கிறார்கள். அவர் குழம்புகிறார். கைக்கடிகாரத்தைப் பார்ப்பதுபோலச் சற்றுத் திரும்புகிறார். கடைசியில் அவரும் சுவரைப் பார்த்தபடி நிற்கிறார். திரும்பும்படி யாரும் அவருக்குச் சொல்லவேயில்லை!

தொலைக்காட்சி சிரிப்புக்காக நடத்தியதை, உளவியலாளர் சொலமன் ஆஷ் 1950களிலேயே ஆய்வாக நடத்தியிருந்தார். கோடுகளின் நீளத்தை ஒப்பிடும் இலகுவான கேள்வி. மற்றவர்கள் வேண்டுமென்றே பிழையாகச் சொன்னபோது, ஏறத்தாழ மூன்றில் ஒரு தடவை ஆய்வுக்கு வந்தவரும் பிழையான விடையையே சொன்னார். ஆனால் ஒரேயொருவர் சரியாகச் சொன்னாலும், அந்தப் பிழைகள் நாலில் ஒரு பங்காகக் குறைந்தன.

நான் பணிசெய்யும் கிராமத்தில் ஒரு சாமத்தியச் சடங்கு. ஆராத்தி எடுக்கும் நேரம் வந்ததும், போரில் கணவரை இழந்த பெண்கள் ஒவ்வொருவராக எழும்பிக் குசினிப் பக்கம் போனார்கள். போகும்படி யாரும் சொல்லவில்லை. ஒருவர் எழுந்ததைப் பார்த்து மற்றவர் எழுந்தார். அவர்களில் ஒருவர் அந்தப் பிள்ளையின் சொந்தப் பெரியம்மா. அப்போது அம்மம்மா கூப்பிட்டார்: “எங்கை போறாய் பிள்ளை? வந்து தட்டைப் பிடி.” பெரியம்மா தயங்கித் தயங்கி வந்து தட்டைப் பிடித்தார். சிறிது நேரத்தில் மற்றவர்களும் விறாந்தைக்கு வந்து அமர்ந்தார்கள்.

லிப்டில் திரும்பி நின்றவருக்கு இழப்பெதுவும் இல்லை. நாம் விலகி நிற்கும்போதோ, நாமே வளர்த்த பிள்ளையின் நன்மையில் நமக்குள்ள இடத்தை இழக்கிறோம். அதைப் பார்த்திருக்கும் பெண்பிள்ளைகளும் அதையே முறையென்று பழகுகிறார்கள்.

ஊர் கதைக்கும் என்ற பயம் பொய்யானதல்ல. தனியாக முன்னே வருவது எல்லோராலும் இயலாது. ஆனால் அந்த அம்மம்மாவைப்போல ஒருத்தியைக் கூப்பிட்டு அருகில் நிறுத்த நம்மில் பலரால் முடியும். அடுத்த நன்மை தீமையில் யார் எழும்பிப் போகிறார் என்று பாருங்கள். அவரைக் கூப்பிடுங்கள், சகோதரிகளே.