திருவிதாங்கூர் மணலும் அணுகுண்டும்

1947 வரை தென்காசியும் குற்றாலமும் பிரிட்டிஷ் சீமை.
பக்கத்திலேயே இருக்கும் செங்கோட்டை திருவிதாங்கூர் சமஸ்தானம்.

அந்தச் சமஸ்தானத்துக் கடற்கரையில், மணவாளக்குறிச்சிப் பக்கம், மோனசைட் மணல்.
தேங்காய் நார்க் கயிற்றில் ஒட்டி வந்ததை 1909ல் ஷோம்பெர்க் என்ற ஜெர்மானியர் கண்டுபிடித்தார்.

அதிலிருந்த தோரியம் என்ற கதிரியக்க உலோகத்துக்கு அன்றைக்குப் பெரிய வேலை விளக்குதான்.
பெட்ரோமாக்ஸ் மேண்டில், தோரிய உப்பில் நனைத்த துணிவலை.
முதல் தடவை பற்றவைத்ததும் துணி எரிந்துபோகும்.
மிஞ்சும் சாம்பல் வலை வெள்ளையாக ஒளிவிடும். விரல் பட்டால் உதிர்ந்துவிடும்.
கோயில் கொடைகளுக்கு வெளிச்சம் தந்த பொருள் அது!

1945 ஆகஸ்ட் 6, ஹிரோஷிமாவில் அணுகுண்டு.
அந்த வருஷம் முடிவதற்குள் சுமார் 1,40,000 பேர் செத்துப்போனார்கள்.

அதன்பிறகு வல்லரசுகளின் கண் மணல்மேல் விழுந்தது.
தோரியம் தானாக வெடிக்காது. உலையில் நியூட்ரானை வாங்கினால் யுரேனியம்-233 ஆகும். அது குண்டுக்கு உதவும்.
1955ல் நெவாடாவில் அமெரிக்கா அதையும் வெடித்துப் பார்த்தது.

திருவிதாங்கூர் திவான் சி.பி. ராமசாமி ஐயர் மணலை வைத்து பிரிட்டனோடு பேரம் பேசினார்.
1947 ஜூனில் தனிநாடு என்றே அறிவித்தார். அந்தத் துணிச்சலில் மணலுக்கும் பங்குண்டு.
ஜூலை 25ல் அவர்மேல் வெட்டு விழுந்தது. சில நாளில் சமஸ்தானம் இந்தியாவோடு சேர்ந்தது.

1956 நவம்பர் 1ல் செங்கோட்டையும் மணவாளக்குறிச்சியும் சென்னை மாநிலத்துக்கு வந்தன.

மணல் இன்றும் அள்ளப்படுகிறது, அணுசக்தித் துறையின் கீழ்.
சுற்றுவட்டார ஊர்களில் கதிர்வீச்சு பயம் இன்னும் தீரவில்லை.
அந்த மக்களுக்கு விளங்கும்படி பதில் சொல்லப்போவது யார்?